பார்க்காமல் கொடுத்த பந்து

கூடைப்பந்து ஆடுகிறவன் என்று நான் சொன்னால் எதிரில் இருப்பவர் என்னை உச்சி முதல் உள்ளங்கால் வரை ஒருமுறை அளப்பார். அளப்பதற்கு அதிக நேரம் ஆகாது. நான் குள்ளம். கல்லூரி அணியில் நான்கு வருடம் ஆடினேன், கடைசி வருடம் கேப்டனாக இருந்தேன் என்றால் "ஓ, அப்படியா" என்பார்கள். அந்த "ஓ"வைப் பள்ளிக்கூட நாளிலிருந்தே கேட்டு வருகிறேன். அதற்கு ஒரு பதிலும் தயாராக வைத்திருந்தேன். பந்தை ரிங்கில் போடுகிறவனுக்குத்தான் உயரம் வேண்டும், அவன் கையில் கொண்டுபோய்ச் சேர்ப்பவனுக்கு வேண்டியதில்லை. சேர்ப்பதுதான் என் வேலை. அதுவும் பார்க்காமல் கொடுப்பேன். கண் ஒரு பக்கம் இருக்கும், பந்து இன்னொரு பக்கம் போகும். என்னை மறித்து நிற்பவன் என் கண்ணைப் பார்த்து ஏமாறுவான். இந்த ஒரு வித்தையை நம்பித்தான் நான் எல்லாவற்றையும் பணயம் வைத்திருந்தேன்.

நான் படித்தது ஆவடிக்கு அந்தப் பக்கம் இருந்த ஒரு பொறியியல் கல்லூரி. விளையாட்டு ஒதுக்கீட்டில் சீட் கிடைத்தது. கிடைத்தது என்று சொல்வது மரியாதைக்கு. அப்பா கெஞ்சி வாங்கினார். எலக்ட்ரானிக்ஸ் எடுத்தேன். முதல் செமஸ்டரிலேயே கணக்கில் அரியர் விழுந்தது. அதற்குப் பிறகு வந்த அரியர்கள் அதனுடன் சேர்ந்து குடித்தனம் நடத்த ஆரம்பித்துவிட்டன. கேம்பஸ் இன்டர்வியூவுக்கு வரும் கம்பெனிகள் அரியர் வைத்திருப்பவனை வாசலிலேயே நிறுத்திவிடும். அப்பா அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு பிரஸ் ஷாப்பில் வேலை பார்த்தார். தகட்டை மெஷினுக்குள் வைத்து வைத்து எடுக்கிற வேலை. ஒரு விரலின் நுனி ஏற்கெனவே அந்த மெஷினுக்குப் போயிருந்தது. "உன்னையும் அங்கே சேர்த்துவிடட்டுமா" என்று அவர் ஒருநாளும் கேட்டதில்லை. அவர் கேட்காமல் இருந்ததிலேயே அவருக்கு எவ்வளவு பயம் என்று எனக்குப் புரிந்தது.

எனக்கு மிச்சமிருந்த ஒரே வழி பந்து. ரயில்வேயில் விளையாட்டுக்காரர்களுக்கென்று வேலை எடுப்பார்கள். என்னைப் போன்றவன் அதற்குப் போய் நிற்க வேண்டுமென்றால் பல்கலைக்கழக அணிக்காக ஆடியிருக்க வேண்டும். பல்கலைக்கழக அணிக்கு ஆள் எடுப்பது மண்டலங்களுக்கு இடையிலான போட்டியில். அந்தப் போட்டிக்கு ஒரு மண்டலத்திலிருந்து ஒரே ஒரு கல்லூரிதான் போகலாம். ஆக, எங்கள் மண்டலத்தில் எங்கள் கல்லூரி முதலாவதாக வரவேண்டும். மூன்று வருடம் வரவில்லை. இது நான்காவது வருடம், எனக்குக் கடைசி வருடம். முதலாவதாக வந்தால் ஒரு கதவு திறக்கலாம். வராவிட்டால் பிரஸ் ஷாப். அந்த சீசன் முழுவதும் என் தலைக்குள் இதைத் தவிர வேறு நினைப்பே கிடையாது. அம்மா சோறு போட்டால் தட்டைப் பார்ப்பேன், தட்டு ரிங் மாதிரி தெரியும். பைத்தியம் பிடிக்கவில்லை, அவ்வளவுதான்.

இப்போது என் சிநேகிதன் ஒருவனைப் பற்றிச் சொல்ல வேண்டும். என்னைப் போல அவனும் அம்பத்தூர் பக்கத்துக் கள்ளிக்குப்பம்தான், எங்கள் தெருவுக்கு அடுத்த தெரு. ஏழாவது படிக்கும்போது எங்கள் ஏரியா பார்க்கில் சிமெண்ட் கோர்ட் போட்டார்கள். ஒரே ஒரு ரிங், அதற்கும் வலை கிடையாது. சுற்றி பிளாட்காரர்கள் காதில் எதையோ மாட்டிக்கொண்டு வாக்கிங் போவார்கள். பந்து அவர்கள் காலில் பட்டால் எங்களை முறைப்பார்கள். அங்கே நாங்கள் இரண்டு பேரும் ஆட ஆரம்பித்தோம். அவன் வளர்ந்தான், வளர்ந்துகொண்டே போனான். நான் நின்றுவிட்டேன். ரிங்கைப் பார்த்து நின்றால் இடதுபக்கம் ஓரமாக ஓர் இடம் உண்டு. அங்கிருந்து போட்டால் அவனுக்குத் தவறவே தவறாது. அந்த இடத்துக்குப் போய்ச் சேர்ந்ததும் இரண்டு தட்டு கை தட்டுவான். சத்தம் கேட்ட நிமிஷம் பந்து என் கையிலிருந்து போயிருக்கும். நான் திரும்பிப் பார்த்ததில்லை. பந்து உள்ளே விழுந்ததும் அவன் என் பக்கம் திரும்பி விரலை நீட்டுவான். கொடுத்தவனுக்குச் செய்கிற மரியாதை அது. பந்தாடுகிறவர்கள் பலரும் செய்வதுதான். ஆனால் அவன் பார்க்கில் நாங்கள் இரண்டு பேர் மட்டும் ஆடினாலும் செய்வான். வேறு யார் கொடுத்திருக்க முடியும் என்று நான் கேலி செய்வேன். "இருக்கட்டும் மாமே, பழகிச்சு" என்பான்.

பள்ளி முடிக்கிற வருடம் ஒரு போட்டியில் எங்கள் ஆட்டத்தைப் பார்க்க, பூந்தமல்லி பக்கத்துக் கல்லூரி ஒன்றிலிருந்து உடற்கல்வி இயக்குநர் வந்திருந்தார். ஆட்டம் முடிந்ததும் அவனைத் தனியாக அழைத்துப் பேசினார். சீட் உண்டு, ஹாஸ்டல் உண்டு, ஷூ உண்டு என்றார். என்னையும் சேர்த்துக்கொள்ளச் சொல்லி அவன் கேட்டான். அவர் என்னைப் பார்த்தார். மேலிருந்து கீழே பார்த்துவிட்டு "பார்க்கலாம்" என்றார். பார்க்கலாம் என்றால் பார்க்க மாட்டேன் என்று அர்த்தம் என்பது பதினேழு வயதில் எனக்குத் தெரியாது. கல்லூரி திறக்கிற வரைக்கும் போனையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவன் அந்தக் கல்லூரியில் சேர்ந்தான், அதுவும் எங்கள் மண்டலம்தான். ஆனால் ஹாஸ்டலில் சேரவில்லை. வீட்டிலிருந்தே போய்வந்தான். அதனால் காலையில் பார்க்கில் ஆடுவது நிற்கவில்லை. எனக்கும் வேறு வழியில்லை. எங்கள் கல்லூரி கோர்ட்டில் காலையிலிருந்து மாலை வரை கல்லூரிப் பேருந்துகள் நிற்கும். நிர்வாகத்துக்கு அது கோர்ட் இல்லை, சிமெண்ட் போட்ட பார்க்கிங். மாலை மணி அடித்து எல்லாப் பேருந்தும் கிளம்பிப் போன பிறகுதான் நாங்கள் இறங்கி, தரையில் சொட்டியிருக்கும் ஆயிலை மணல் போட்டுத் துடைத்துவிட்டு ஆட முடியும். ஆடி முடித்தால் வீட்டுக்குப் போகப் பேருந்து இருக்காது. ஷேர் ஆட்டோவில் ஒருவர் மடியில் ஒருவர் உட்கார்ந்து வருவோம். இப்படிப் பயிற்சி எடுத்து ஒரு மண்டலத்தை ஜெயிக்க முடியுமா? அதனால் விடிந்ததும் பார்க், அவனுடன்.

எங்கள் பி.டி. சாருக்கு இது பிடிக்கவில்லை. அவர் திண்டுக்கல் பக்கம். வேப்பம்பட்டில் பிளாட் வாங்கிக் குடியேறி, தினமும் லோக்கல் ரயிலில் தொங்கிக்கொண்டு வருகிறவர். சீசன் தொடங்குவதற்கு முன் என்னைக் கூப்பிட்டு உட்கார வைத்தார்.

"சீசன் முடியிற வரைக்கும் அவன்கூட ஆடாதப்பா. உன் ஆட்டம் பூரா அவனுக்கு மனப்பாடம்."

"அவன் ஆட்டமும் எனக்கு மனப்பாடம் சார்."

"அதாம்ப்பா எனக்குப் பயமா இருக்கு" என்றார்.

அவர் என்னவோ தத்துவம் பேசுகிறார் என்று நினைத்துக்கொண்டேன். எனக்கு ஆடக் கோர்ட் வேண்டும், அதை அவரால் தர முடியவில்லை. பேருந்துகளை நகர்த்தச் சொல்லி அவர் நிர்வாகத்திடம் போய் நின்று வெறுங்கையோடு வந்ததை நானே பார்த்திருக்கிறேன். அப்புறம் என்ன அறிவுரை?

ஆறு கல்லூரிகள். ஒவ்வொன்றும் மற்ற எல்லாவற்றுடனும் ஆட வேண்டும். முதல் ஆட்டத்திலேயே தோற்றோம். அதுவும் தோற்கக் கூடாத ஓர் அணியிடம். எங்கள் அணியில் உயரம் என்று சொல்ல இருந்த ஒரே பையன் பாதி ஆட்டத்திலேயே ஃபவுல் வாங்கிக் குவித்து வெளியே போய் உட்கார்ந்துவிட்டான். கடைசிப் பகுதியில் நான் யாருக்குக் கொடுத்தாலும் பந்து கையில் நிற்கவில்லை, சோப்பு மாதிரி வழுக்கிக்கொண்டு போனது. அன்று வீட்டுக்கு வந்ததும் அப்பா கேட்டார்.

"இன்னாபா, ஜெய்ச்சீங்களா?"

"இல்லப்பா."

"இன்னும் மேட்ச் கீதுல்ல?"

"கீது."

அவர் தலையை ஆட்டிவிட்டு டி.வி. பக்கம் திரும்பிக்கொண்டார். எனக்கு அன்று தூக்கம் வரவில்லை. ஒரு தோல்வி தாங்கும், இரண்டு தாங்காது என்று எனக்குத் தெரியும். இனி ஒவ்வொரு ஆட்டமும் கடைசி ஆட்டம்தான்.

அடுத்த ஆட்டம் எங்கள் கோர்ட்டில். அன்று காலையிலிருந்து மழை. ஐப்பசியில் மழை வராமல் வேறு என்ன வரும், அது தெரிந்தும் மண்டலப் போட்டியை ஐப்பசியில்தான் வைப்பார்கள். மதியம் மழை விட்டது. கோர்ட்டில் கணுக்கால் அளவுக்குத் தண்ணீர். நடுவர் வந்து பார்த்துவிட்டு, ஆட முடியாது, ஆளுக்கு ஒரு புள்ளி என்று பிரித்துக்கொள்ளுங்கள் என்றார். எதிரணிக்கு அது போதும். அவர்கள் படிக்கட்டில் உட்கார்ந்து போனை எடுத்துக்கொண்டார்கள். எங்களுக்கு ஒரு புள்ளி போதாது. கொஞ்ச நேரம் கொடுங்கள் சார் என்று நான் அவரிடம் கெஞ்சினேன். கெஞ்சுவதில் அப்பாவுக்கு நான் தப்பாத பிள்ளை. சரி, இருட்டுவதற்குள் காய்ந்தால் ஆடலாம் என்றார்.

பேருந்து டிரைவர்களிடம் பழைய டயர் டியூபை வாங்கி வெட்டிக் கட்டையில் அடித்து, தண்ணீரைத் தள்ளினோம். கேன்டீன் வாளி, பாத்ரூம் மக், எல்லாம் வந்தது. டிரைவர்கள் வண்டி துடைக்கிற துணியைக் கொடுத்தார்கள். அதுவும் நனைந்தபின் எங்கள் டவலை எடுத்தோம். அதுவும் நனைந்தபின் நான் சட்டையைக் கழற்றி முட்டிபோட்டுத் தரையைத் துடைத்தேன். படிக்கட்டில் இருந்தவர்கள் என்னைப் போனில் படம் பிடித்தார்கள். பிடிக்கட்டும் என்று துடைத்தேன். பி.டி. சார் பேன்ட்டை மடித்துவிட்டுக்கொண்டு ரிங்குக்குக் கீழே இருந்த பள்ளத்தைத் துடைத்தார். ஆடினோம், ஜெயித்தோம். ஆட்டம் முடிந்தபோது என் முட்டிகள் இரண்டும் தோலுரிந்திருந்தன. அதை அப்பாவிடம் காட்டி, ஜெயித்துவிட்டோம் என்று சொன்னேன்.

அதற்குப் பிறகு இரண்டு ஆட்டங்களை எப்படி ஜெயித்தோம் என்று இப்போது கேட்டால் எனக்கே சரியாகச் சொல்லத் தெரியாது. நன்றாக ஆடி ஜெயிக்கவில்லை. விழுந்து புரண்டு, ஜெர்ஸியைப் பிடித்து இழுத்து, நடுவரிடம் வாதாடி ஜெயித்தோம். வகுப்புக்குப் போகாமல் ஆடுவதற்கு ஓ.டி. என்று ஓர் அனுமதி வாங்க வேண்டும். ஒவ்வொரு முறையும் துறைத்தலைவர் கையெழுத்துப் போட்டுக்கொண்டே, "இதுக்கப்புறம் என்ன பண்ணப்போற" என்று கேட்பார். அவர் அதைக் கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை. அதனால்தான் எனக்கு அவர்மேல் அவ்வளவு கோபம் வந்தது.

எங்கள் நல்ல நேரம், அவன் கல்லூரியும் நடுவில் ஓர் ஆட்டத்தில் தோற்றுவிட்டது. ஆக, அவர்களும் நாங்களும் சமம். கடைசி ஆட்டம் எங்கள் இரண்டு கல்லூரிக்கும் இடையில். ஜெயிப்பவர் மண்டலத்தில் முதலாவது.

அந்த வாரமும் காலையில் பார்க்குக்குப் போனேன். நான் வந்துகொண்டிருக்கும்போதே அவன் ரிங்குக்குக் கீழே நின்றிருப்பான். ஆட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அவனுக்கும் அது கடைசி வருடம், அவன் வீட்டிலும் அதே ரயில்வேக் கனவுதான். அவன் அம்மா எங்கள் அம்மாவைக் கடையில் பார்த்தால் முன்பெல்லாம் நின்று பேசுவார்கள். அந்த வாரம் இரண்டு பேரும் அவசரமாகப் போனார்களாம். ஆட்டத்துக்கு முதல் நாள் காலை ஆடி முடித்து, தண்ணீர் பாட்டிலை மாற்றி மாற்றிக் குடித்துக்கொண்டிருந்தபோது அவன்தான் ஆரம்பித்தான்.

"நாளைக்கு யார் ஜெயிச்சாலும் மூஞ்ச தூக்கிவெச்சிக்கக் கூடாது, இன்னா?"

"நீ தூக்காம இரு, போதும்."

"நீ ஜெயிச்சினா நான் ஊட்டாண்ட வந்து அப்பா கையால ஸ்வீட் வாங்கித் துன்னுட்டுப் போவேன்."

அவன் சொன்னது உண்மை, கண்டிப்பாக வந்து தின்றிருப்பான். அவன் ஜெயித்தால் நான் போய்த் தின்பேனா என்று யோசித்தேன். மாட்டேன் என்று தோன்றியது.

ஆட்டம் காட்டுப்பாக்கம் பக்கம் ஒரு பொதுக் கல்லூரியில் நடந்தது, எங்களுக்கும் சொந்தமில்லை, அவர்களுக்கும் சொந்தமில்லை. மெட்ரோ வேலைக்காக ரோட்டைத் தோண்டிப் போட்டிருந்த தூசியில் ஆட்டோவில் போய் இறங்கியபோது வாயெல்லாம் மண். படிக்கட்டு முழுக்கக் கூட்டம். பக்கத்துக் கல்லூரிப் பையன்கள் யார் தோற்றாலும் கத்தலாம் என்று வந்திருந்தார்கள்.

அன்று நான் ஆடியதைப்போல அதற்கு முன்பும் ஆடியதில்லை, பின்பும் ஆடியதில்லை. இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை, வயிற்றெரிச்சலில் சொல்கிறேன். அவர்கள் எல்லாரும் எங்களைவிட உயரம். அவர்கள் கைகளுக்கு நடுவில் புகுந்து புகுந்து கொடுத்தேன். ஒரு பந்தைக் கூடப் பார்த்துக் கொடுக்கவில்லை. எங்கள் பையன்கள் போட்டுக்கொண்டே இருந்தார்கள். அவனும் அந்தப் பக்கம் போட்டுக்கொண்டே இருந்தான். மூன்றாவது பகுதி முடிந்தபோது சமம், நான்காவது முடியப்போகும்போதும் சமம். கடைசி நிமிஷத்தில் எங்கள் உயரமான பையன், சீசன் முழுக்க என் உயிரை வாங்கிய அதே பையன், இரண்டு புள்ளி போட்டான். அடுத்து எங்கள் ஃபவுலுக்காக அவர்களுக்கு ஒரு புள்ளி வீதம் இரண்டு ஃப்ரீ த்ரோ கிடைத்தது, ஒன்றைப் போட்டார்கள், இன்னொன்றை விட்டார்கள். தெறித்து வந்த பந்து என் கைக்கு வந்தது.

இதைப் புரியும்படி சொல்லிவிடுகிறேன். நாங்கள் ஒரு புள்ளி முன்னால். பந்து என் கையில். மிச்சம் சில விநாடிகள்தான். நான் எதுவும் போட வேண்டாம், யாருக்கும் கொடுக்க வேண்டாம். அவர்கள் கைக்குப் போகாமல் வைத்திருந்தாலே போதும். பி.டி. சார் ஓரத்தில் நின்றபடி கையால் அமுக்கு, அமுக்கு என்று காட்டிக்கொண்டிருந்தார்.

நாங்கள் நின்றது அவர்கள் போட வேண்டிய ரிங்கின் பக்கம். பந்தைத் தட்டிக்கொண்டு அங்கிருந்து வெளியேற வேண்டும். அவர்களில் இரண்டு பேர் ஓடிவந்து என்னைக் கோட்டோரமாக மறித்துக்கொண்டார்கள். இரண்டு பேருக்கும் என் தலை நெஞ்சளவுதான். எனக்கு ஆள் தெரியவில்லை, கோர்ட் தெரியவில்லை, ஜெர்ஸிதான் தெரிந்தது. வியர்வை நாற்றம் அடித்தது. ஒரு கை பந்தைத் தட்டப் பார்த்தது, நான் முதுகைக் காட்டித் திரும்பிக்கொண்டேன். படிக்கட்டில் எல்லாரும் கத்துகிறார்கள், ஒன்றும் கேட்கவில்லை.

அப்போது இடதுபக்கத்திலிருந்து இரண்டு தட்டு கேட்டது.

நான் யோசித்தேன் என்று சொன்னால் பொய். யோசித்திருந்தால் இன்று இதை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன். பந்து என் கையில் இல்லை, அவ்வளவுதான் எனக்குத் தெரியும். இரண்டு பேரின் இடுப்புக்கு நடுவில் தரையோடு தரையாக ஒரு தட்டு தட்டி, முதுகுக்குப் பின்னாலிருந்து போய்விட்டது. அவ்வளவு சுத்தமாக நான் யாருக்கும் பந்து கொடுத்ததில்லை. என்னை மறித்திருந்த இரண்டு பேரும் அது எங்கே போனது என்று என்னைப் போலவே தேடினார்கள்.

திரும்பினேன். அவன் தன் இடத்தில் நின்றிருந்தான், எதிர் ஜெர்ஸியில். பந்து ஏற்கெனவே அவன் கையை விட்டு மேலே போயிருந்தது. அது விழும் என்று அந்த மைதானத்தில் எல்லாருக்கும் முன்னால் எனக்குத் தெரிந்தது. விழுந்தது.

பிறகு அவன் திரும்பினான். திரும்பி, என்னைப் பார்த்து விரலை நீட்டினான்.

நீட்டிய பிறகுதான் அவனுக்கே தெரிந்தது. அவன் முகம் மாறியதை நான் பார்த்தேன். விரலை மடக்கி, எதையோ தொட்டுச் சுட்டுக்கொண்டதுபோல் கையைக் கீழே இழுத்துக்கொண்டான். ஆனால் படிக்கட்டில் இருந்தவர்கள் எல்லாரும் பார்த்துவிட்டார்கள். அவன் என்னைக் கேலி செய்கிறான் என்று நினைத்து அவர்கள் சிரித்த சிரிப்பு இருக்கிறதே, அதற்கு நான் என்றைக்கும் பழகப்போவதில்லை. எங்கள் பையன் ஒருவன் கோர்ட்டின் அந்தக் கோடியிலிருந்து பந்தை வீசினான், அது போர்டில்கூடப் படவில்லை. நீண்ட விசில். முடிந்தது.

நான் அந்தக் கோட்டோரத்திலேயே உட்கார்ந்துவிட்டேன். எங்கள் அணியில் யாரும் என்னிடம் வரவில்லை. ஜெர்ஸி மாற்றும்போது அந்த உயரமான பையன் மட்டும் என் முகத்தைப் பார்க்காமல் சொன்னான்.

"உங்க ஏரியாக்காரனுக்குக் குடுத்துட்டல்ல."

அடித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். நான் வேண்டுமென்றே விட்டுக்கொடுத்தேன் என்று அவன் நினைக்கிறான். என்னிடம் விட்டுக்கொடுக்க என்ன இருந்தது? என் வீட்டில் விட்டுக்கொடுக்க என்ன இருந்தது? சட்டையைக் கழற்றித் தரையைத் துடைத்தவன் நான். பி.டி. சார் எல்லாரையும் ஆட்டோவில் ஏற்றி அனுப்பிவிட்டு என்னைத் தன் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டார். ஆட்டோ பூந்தமல்லியைத் தாண்டியது. பிறகு கேட்டார்.

"பாத்தியாப்பா, கொடுக்கும்போது?"

"பாக்கல சார்."

"தெரியும்" என்றார். நான் முன்னமே சொன்னேனே என்று அவர் சொல்லியிருக்கலாம், சொல்லவில்லை. ஆவடியில் இறங்கும்போது என் பையை அவரே தூக்கிக் கொடுத்தார்.

வீட்டில் அப்பா வாசலிலேயே நின்றிருந்தார். என் முகத்தைப் பார்த்ததும் கேட்க வந்ததைக் கேட்காமல் உள்ளே போய்விட்டார். இரண்டு நாள் கழித்து, நான் தூங்குகிறேன் என்று நினைத்துக்கொண்டு, கம்பெனியில் ஆள் எடுக்கிறார்களா என்று சூப்பர்வைசரிடம் கேட்டதாக அம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தார். குரல் மிகவும் தாழ்ந்திருந்தது. நான் போர்வையை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டேன்.

பார்க்குக்குப் போவதை நிறுத்தினேன். அவன் இரண்டு முறை வீட்டுக்கு வந்தான், இல்லை என்று அம்மாவைச் சொல்ல வைத்தேன். போன் செய்தான், எடுக்கவில்லை. அவன் ஏமாற்றவில்லை என்று எனக்குத் தெரியும். அந்த விரலைப் பார்த்தவன் நான். ஏமாற்றுகிறவன் அப்படி விரலை நீட்டமாட்டான், அல்லது நீட்டினால் மடக்கமாட்டான். அவன் கை தானாகத் தட்டியது, என் கை தானாகக் கொடுத்தது. இதில் யாரைத் திட்டுவது? அதுதான் என்னைக் கொன்றது. அவன் துரோகி என்றால் எவ்வளவு சௌகரியமாக இருந்திருக்கும்.

மண்டலங்களுக்கு இடையிலான போட்டி கோயம்புத்தூர் பக்கம் நடந்தது. அவன் போன அன்று காலை விழித்தவுடன் எனக்குத் தெரிந்தது, நான் அவனுக்காக வேண்டிக்கொண்டிருக்கிறேன் என்று. நல்ல மனசு என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். அவனையாவது எடுத்துவிட்டால் என் பந்து எங்கேயோ ஓரிடத்தில் போய்ச் சேர்ந்ததாக இருக்கும். ரயில்வே வேலையில் அவன் உட்காருவான், அவனைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு எரியும், எரிந்தாலும் கணக்கு நேராகும். இரண்டு பேரில் ஒருவன் தப்பித்தான் என்று இருக்கும். எடுத்துவிடுங்கள், எடுத்துவிடுங்கள் என்று பல் விளக்கும்போதுகூட முணுமுணுத்துக்கொண்டிருந்தேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் கேட் சத்தம் கேட்டது. நான்தான் வாசல் பக்கம் இருந்தேன், ஒளிய முடியவில்லை. ரயிலிலிருந்து இறங்கி நேராக வந்திருந்தான். தோளில் பை, காலில் அதே ஷூ. உள்ளே வராமல் கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"என்ன எடுக்கல மாமே."

எனக்குச் சந்தோஷம் வரவில்லை, வருத்தமும் வரவில்லை. தலைக்கு மேல் கோபம் வந்தது. என் இடத்தையும் வாங்கிக்கொண்டு போய் அதைக் கோயம்புத்தூரில் தொலைத்துவிட்டு வந்து நிற்கிறான். அத்தனை நாள் பேசாமல் வைத்திருந்ததெல்லாம் ஒரேயடியாக வெளியே வந்தது.

"அப்றம் இன்னாத்துக்குடா போன? ஒழுங்கா ஆடித் தொலைய வேண்டியதுதான? ஒன்னால எத்தினி பேரு ஊட்ல ஒக்காந்துகினு கீறோம் தெரியுமா?"

அவன் கேட்டின்மேல் கையை ஊன்றினான். என் உயரத்துக்குக் குனிந்து, சமாதானம் சொல்கிறவன்போல மெதுவாகப் பேசினான்.

"எப்டிடா ஆடறது? ரெண்டு மேட்ச்லயும் என் எடத்துல போய் நின்னேன். நின்னுகினே கீறேன். யாரும் இல்ல, ஃப்ரீயா கீறேன். எங்க டீமு பசங்க ஒருத்தனும் குடுக்கல. அவனவன் அவனே போட்டுக் காட்டணும்னு ஆட்றான், செலக்சன்ல." பையைத் தோளிலிருந்து இறக்கிக் கீழே வைத்தான். "நீ இருந்தா குடுத்திருப்ப."

"குடுத்துட்டேனேடா" என்றேன்.

அவன் அழுதான். நானும் அழுதேன். உள்ளேயிருந்து அப்பா வந்து பார்த்துவிட்டு, ஒன்றும் கேட்காமல், கேட்டைத் திறந்து அவன் பையை எடுத்துக்கொண்டு உள்ளே போனார்.